மனுவைத் திரும்பப் பெறுதலும் மாற்றுப் பரிகாரமும்

'மனுதாரரின் வழக்கறிஞர் மனுவைத் திரும்பப் பெற அனுமதி கோருகிறார்; அனுமதி வழங்கப்படுகிறது; திரும்பப் பெறப்பட்டதாக மனு தள்ளுபடி செய்யப்படுகிறது.' நம் நாட்டு உயர் நீதிமன்றங்களில் இத்தகைய ஆணைகள் நாள்தோறும் பிறப்பிக்கப்படுகின்றன. ஓரிரு வரிகளில் முடிந்துவிடும் இந்த ஆணையைக் காணும் மனுதாரர், தமது கோரிக்கை தோற்றுவிட்டதாக எண்ணி மனம் தளர்வதுண்டு. எதிர்த்தரப்பில் உள்ள அலுவலகமோ, வழக்கு ஒழிந்தது என்று கோப்பை மூடிவிடுவதும் உண்டு. இரு எண்ணங்களுமே தவறாக முடியலாம். அந்த வரியோடு 'உரிய மன்றத்தை அணுகும் உரிமையுடன்' என்ற சில சொற்கள் சேர்ந்திருக்கின்றனவா இல்லையா என்பதைப் பொறுத்தே மனுதாரரின் அடுத்த பத்தாண்டு அமையக்கூடும்.

வழக்கைத் தொடுத்தவரே அதைக் கைவிடவும் உரிமை உடையவர் என்பது பொதுவான கொள்கை. அந்த உரிமையின் எல்லை எது, கைவிட்ட பிறகு எந்தக் கதவுகள் திறந்திருக்கும், எவை மூடப்படும் என்பவற்றை இந்தியச் சட்டம் படிப்படியாக வகுத்து வந்திருக்கிறது. 1859ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டத்திலேயே இதற்கு இடம் இருந்தது. இன்று நடைமுறையில் உள்ள 1908ஆம் ஆண்டுச் சட்டத்தில் 23ஆவது ஆணையின் முதல் விதி இதனைக் கூறுகிறது.

கைவிடுதலும் திரும்பப் பெறுதலும்

வழக்கு தொடுக்கப்பட்ட பிறகு எந்த நேரத்திலும், எல்லாப் பிரதிவாதிகளுக்கு எதிராகவோ சிலருக்கு எதிராகவோ, வாதி தமது வழக்கையோ கோரிக்கையின் ஒரு பகுதியையோ கைவிடலாம். இதற்கு நீதிமன்றத்தின் அனுமதி பொதுவாகத் தேவையில்லை. பிரதிவாதி எதிர்க்கோரிக்கை எதனையும் எழுப்பாமலும், வழக்கின் போக்கில் அவருக்கு உரிமை எதுவும் கிட்டாமலும் இருக்கும் நிலையில், வாதி விலகிக்கொள்வதை நீதிமன்றம் தடுக்க இயலாது என உச்ச நீதிமன்றமே 1960களில் தெளிவுபடுத்தியிருக்கிறது. ஆனால் அவ்வாறு கைவிட்டவர் எதிர்த்தரப்பின் செலவுத்தொகைக்குப் பொறுப்பாவார். அதே பொருள் குறித்துப் புதிய வழக்கு தொடுக்கும் உரிமையையும் இழப்பார்.

புதிய வழக்குக்கு வாய்ப்பை வைத்துக்கொண்டு விலக விரும்புகிறவருக்கு வழி வேறு. அவர் நீதிமன்றத்தின் அனுமதியைக் கேட்டுப் பெற வேண்டும். அனுமதிக்கு இரண்டு காரணங்களைச் சட்டம் கூறுகிறது. ஒன்று, ஏதேனும் ஒரு முறைசார்ந்த குறைபாட்டினால் வழக்கு தோற்றே தீரும் என்ற நிலை. மற்றொன்று, புதிய வழக்கு தொடுக்க அனுமதிப்பதற்குப் போதுமான பிற காரணங்கள். 1976ஆம் ஆண்டின் திருத்தத்திற்கு முன்னர் இரு வகைக்கும் ஒரே சொல் ஆளப்பட்டு வந்தது. அத்திருத்தம் அனுமதியின்றி விலகுவதைக் 'கைவிடுதல்' என்றும், அனுமதியோடு விலகுவதைத் 'திரும்பப் பெறுதல்' என்றும் பிரித்துக் காட்டியது. பேச்சு வழக்கில் இவ்வேறுபாட்டை எவரும் பொருட்படுத்துவதில்லை. வழக்கறிஞர்களும் 'வாபஸ்' என்ற ஒரே சொல்லால் இரண்டையும் குறிப்பிடுகின்றனர். விளைவில் அவை மலையும் மடுவும் போன்றவை.

முறைசார்ந்த குறைபாடு என்பது என்ன? அரசின் மீது வழக்கு தொடுக்குமுன் 80ஆவது பிரிவின்படி இரண்டு மாத அறிவிப்புக் கொடுக்கத் தவறுவது, வழக்கின் மதிப்பைத் தவறாகக் கணித்து நீதிமன்றக் கட்டணத்தைக் குறைவாகச் செலுத்துவது, சேர்க்கக்கூடாதவரைச் சேர்ப்பது ஆகியவை இதில் அடங்கும். கோரிக்கையின் உட்பொருளைத் தொடாத, ஆனால் வழக்கைக் கவிழ்த்துவிடக்கூடிய பிழைகள் இவை. சாட்சி போதவில்லை, முக்கியமான ஆவணம் சிக்கவில்லை, எதிர்த்தரப்புச் சாட்சியின் குறுக்கு விசாரணை சரியாக அமையவில்லை என்பன முறைசார்ந்த குறைபாடுகள் அல்ல. ஓட்டையை அடைத்துக்கொண்டு மறுபடி களத்தில் இறங்குவதற்கு இவ்விதி கருவியாகிவிடக் கூடாது என்பதில் நீதிமன்றங்கள் கருத்தாக இருந்து வருகின்றன. வழக்கு மேல்முறையீட்டு நிலையை எட்டிய பின்னர் இக்கட்டுப்பாடு இன்னும் இறுகுகிறது. சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து சென்ற ஒரு வழக்கில், இரண்டாவது மேல்முறையீட்டின்போது அளிக்கப்பட்ட அனுமதியை உச்ச நீதிமன்றம் 2000இல் ரத்துச் செய்தது. கீழ் நீதிமன்றத் தீர்ப்பினால் எதிர்த்தரப்பினர் அடைந்துள்ள பயனை, 'திரும்பப் பெறுகிறேன்' என்ற ஒரு மனுவினால் துடைத்துவிட இயலாது என்பதே அதன் கருத்து.

சிறார் சார்பில் தொடுக்கப்பட்ட வழக்கை அவருடைய காப்பாளர் தாமாகவே கைவிட முடியாது. நீதிமன்றத்தின் அனுமதி வேண்டும். கைவிடுவது சிறாரின் நலனுக்கே என்பதற்கு உறுதிமொழி ஆவணம் வேண்டும். வழக்கறிஞரின் சான்றும் வேண்டும். வாதிகள் பலர் இருந்தால், மற்றவர்களின் இசைவின்றி ஒருவர் மட்டும் வழக்கையே விலக்கிக்கொள்ள நீதிமன்றம் அனுமதிக்கலாகாது. பங்காளிச் சொத்து வழக்குகளில் அண்ணனோ தம்பியோ தனியே சமரசமாகி விலகும்போது இவ்விதியின் அருமை விளங்கும்.

தடை எதற்குப் பொருந்தும் என்பதிலும் ஒரு நுட்பம் உண்டு. 'அதே பொருள்' என்பதற்கு அதே நிலம், அதே வீடு என்று பொருளல்ல. கோரும் பரிகாரத்திற்கு வாதி உரியவர் என்பதை நிறுவும் நிகழ்ச்சிகளின் தொகுப்பையே அச்சொல் குறிக்கும் என 1970இல் உச்ச நீதிமன்றம் விளக்கியது. ஆகவே அதே நிலத்தைப் பற்றி, பின்னர் எழுந்த வேறொரு வழக்குமூலத்தை வைத்துத் தொடுக்கும் வழக்குக்குத் தடை இல்லை.

நீதிப் பேராணை மனுக்களின் நிலை

மேற்கூறியவை சிவில் வழக்குகளுக்கான விதிகள். அரசியலமைப்பின் 226ஆவது உறுப்பின்கீழ் உயர் நீதிமன்றத்தில் தாக்கலாகும் நீதிப் பேராணை மனுக்களுக்கு இவை பொருந்துமா என்ற வினா நெடுங்காலம் தெளிவின்றி இருந்தது. 1976ஆம் ஆண்டின் திருத்தம் 141ஆவது பிரிவில் ஒரு விளக்கத்தைச் சேர்த்து, 226ஆவது உறுப்பின்கீழ் வரும் நடவடிக்கைகளுக்கு அந்தப் பிரிவு பொருந்தாது என்று கூறிவிட்டது. அப்படியானால், உயர் நீதிமன்றத்தில் இன்று ஒரு மனுவைத் திரும்பப் பெற்றவர், நாளையே அதே கோரிக்கையுடன் மற்றொரு மனுவைத் தாக்கல் செய்யலாமா?

இதற்கு விடையளித்தது சர்குஜா போக்குவரத்து நிறுவன வழக்கு. அன்று மத்தியப் பிரதேசத்திலும் இன்று சத்தீஸ்கரிலும் உள்ள சர்குஜா, காடு நிறைந்த ஒரு மாவட்டம். அதன் பெயர் தாங்கிய பேருந்து நிறுவனம் ஒன்று, மாநிலப் போக்குவரத்து மேல்முறையீட்டுத் தீர்ப்பாயத்தின் ஆணையை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் மனுச் செய்தது. பின்னர், புதிய மனுவுக்கு அனுமதி ஏதும் பெறாமலே அதைத் திரும்பப் பெற்றது. அதன்பின் மீண்டும் ஒரு மனுவைத் தாக்கல் செய்தது. உயர் நீதிமன்றம் அதை ஏற்க மறுத்தது. மேல்முறையீட்டில் 1986 நவம்பரில் தீர்ப்பு வந்தது. தீர்ப்பை எழுதியவர் பின்னாளில், 1989இல், இந்தியத் தலைமை நீதிபதியாக இருந்த இ. எஸ். வெங்கடராமையா.

அத்தீர்ப்பின் தருக்கம் நிதானமாகப் படிக்கத்தக்கது. முதல் மனுவில் உரிமை எதுவும் தீர்மானிக்கப்படவில்லை. ஆகவே முன்தீர்ப்புத் தடை என்ற கொள்கை இங்கு எழாது. சிவில் சட்டத்தின் 23ஆவது ஆணையும் நேரடியாகப் பொருந்தாது. எனினும் அந்த ஆணைக்கு அடிப்படையாக உள்ள பொதுநலக் கொள்கை நீதிப் பேராணை மனுக்களுக்கும் பொருந்தும். ஒரு நீதிபதியின் முன்னிலையில் காற்று சாதகமாக வீசவில்லை என்று கண்டதும் மனுவைத் திரும்பப் பெற்று, வேறொரு நீதிபதியின் முன் அதையே வைப்பதற்கு இடம் கொடுத்தால் நீதி நிருவாகம் சீர்கெடும். எனவே அனுமதியின்றித் திரும்பப் பெற்றவர், அந்த வழக்குமூலத்தைப் பொறுத்தவரை 226ஆவது உறுப்பின்கீழ் உள்ள பரிகாரத்தைக் கைவிட்டவராகவே கருதப்படுவார்.

இத்தீர்ப்பின் மறுபாதி அவ்வளவாக மேற்கோள் காட்டப்படுவதில்லை. ஆனால் மனுதாரருக்கு அதுவே முக்கியம். மூடப்படுவது 226ஆவது உறுப்பின் கதவு மட்டுமே. சிவில் வழக்கு, உச்ச நீதிமன்றத்தில் 32ஆவது உறுப்பின்கீழான மனு போன்ற பிற பரிகாரங்களுக்கு இதனால் தடை இல்லை. ஆட்கொணர் மனுவையும், 21ஆவது உறுப்பு உறுதி செய்யும் உயிர்வாழும் உரிமையையும் தனிமனித சுதந்திரத்தையும் வலியுறுத்தும் மனுக்களையும் நீதிமன்றம் தனித் தளத்தில் வைத்து, இந்த விதியை அவற்றுக்கு நீட்டவில்லை. அதற்குக் கால் நூற்றாண்டுக்கு முன்பே, 1961இல், தார்யாவ் வழக்கில் ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியலமைப்பு அமர்வு இதே திசையில் ஒரு கோட்டை வரைந்திருந்தது. உயர் நீதிமன்றம் தகுதியின்பேரில் ஆராய்ந்து தள்ளுபடி செய்த மனுவை உச்ச நீதிமன்றத்திற்கு 32ஆவது உறுப்பின்கீழ்க் கொண்டு செல்ல இயலாது; திரும்பப் பெறப்பட்டதாகத் தள்ளுபடியான மனுவில் தகுதி ஆராயப்படவில்லையாதலால் அத்தகைய தடை இல்லை.

இந்தக் கொள்கை இப்போது உச்ச நீதிமன்றத்தின் சொந்த வாசலுக்கும் வந்துவிட்டது. 136ஆவது உறுப்பின்கீழ்ச் சிறப்பு அனுமதி மனுவைத் தாக்கல் செய்து, உரிமை எதனையும் கேட்டுப் பெறாமல் திரும்பப் பெற்றவர், அதே தீர்ப்பை எதிர்த்து இரண்டாவது சிறப்பு அனுமதி மனுவைக் கொண்டுவர முடியாது என்று அந்நீதிமன்றம் 1990களின் இறுதியிலும் மீண்டும் 2025இலும் கூறியுள்ளது.

ஏன் திரும்பப் பெற வேண்டும்?

பெரும்பாலான மனுக்கள் திரும்பப் பெறப்படுவதற்குக் காரணம், மனுதாரர் தவறான வாசலைத் தட்டியிருப்பதே. சட்டம் ஒரு குறிப்பிட்ட குறைக்கென ஒரு தனி மன்றத்தையோ மேல்முறையீட்டையோ ஏற்படுத்தியிருக்கும்போது, உயர் நீதிமன்றம் தனது தனிச்சிறப்பான அதிகாரத்தைச் செலுத்தப் பொதுவாகத் தயங்கும். இத்தயக்கம் நீதிமன்றம் தானே விதித்துக்கொண்ட கட்டுப்பாடு. இதையே அரசியலமைப்புக் கட்டளையாக்கிப் பார்த்த காலமும் ஒன்று இருந்தது. 1976ஆம் ஆண்டின் 42ஆவது திருத்தம், வேறு பரிகாரம் உள்ளபோது குறிப்பிட்ட சில வகை மனுக்களை உயர் நீதிமன்றம் ஏற்கவே கூடாது எனத் தடை விதித்தது. 44ஆவது திருத்தம் அத்தடையை நீக்கியது. 1979 ஆகஸ்ட் முதல் நாளிலிருந்து பழைய நிலை திரும்பிற்று. இன்று அடிப்படை உரிமை மீறப்பட்டிருந்தாலும், இயற்கை நீதிக் கோட்பாடு புறக்கணிக்கப்பட்டிருந்தாலும், ஆணை பிறப்பித்தவருக்கு அதிகாரமே இல்லாதிருந்தாலும், சட்டத்தின் செல்லுபடியே கேள்விக்குரியதாயினும் மாற்றுப் பரிகாரம் ஒரு தடையாகாது என 1998இல் உச்ச நீதிமன்றம் தொகுத்துக் கூறியிருக்கிறது.

இவ்விலக்குகளில் அடங்காத மனுவில், முதல் விசாரணையிலேயே நீதிபதி, 'இதற்கு மேல்முறையீடு இருக்கிறதே' என்று கேட்டுவிடுவார். அந்த வேளையில் வழக்கறிஞரின் முன் இரண்டு வழிகள் உள்ளன. வாதாடித் தோற்றால், தகுதியைத் தொட்டு ஏதேனும் ஒரு கருத்து ஆணையில் பதிந்துவிடக்கூடும். அது அடுத்த மன்றத்தில் மனுதாரரைத் தொடர்ந்து வந்து உறுத்தும். உரிமையுடன் திரும்பப் பெற்றால், எழுதாத பலகையோடு அடுத்த மன்றத்திற்குச் செல்லலாம்.

மத்திய அரசு ஊழியர்களின் பணி வழக்குகள் இதற்கு நல்ல எடுத்துக்காட்டு. 1985ஆம் ஆண்டின் நிருவாகத் தீர்ப்பாயங்கள் சட்டத்தின்கீழ், அவ்வாண்டு நவம்பரில் மத்திய நிருவாகத் தீர்ப்பாயம் செயற்படத் தொடங்கியது. 1997இல் ஏழு நீதிபதிகள் கொண்ட அமர்வு, தீர்ப்பாயத்தின் முடிவை உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதி அமர்வு ஆராயலாம் என்று நிலைநாட்டிய அதே தீர்ப்பில், தீர்ப்பாயத்தை ஒதுக்கிவிட்டு ஊழியர்கள் நேரே உயர் நீதிமன்றத்திற்கு வர இயலாது என்றும் கூறிவிட்டது. ஆகவே பதவி உயர்வு மறுக்கப்பட்ட ஓர் அஞ்சல் துறை ஊழியர் உயர் நீதிமன்றத்தில் மனுச் செய்திருந்தால், அதைத் திரும்பப் பெற்றுத் தீர்ப்பாயத்திற்குச் செல்வதே முறை. தீர்ப்பாயமோ தனக்கென நிபந்தனைகளை வைத்திருக்கிறது. துறைக்குள் உள்ள முறையீட்டு வழிகளை ஊழியர் முதலில் பயன்படுத்தியிருக்க வேண்டும். இறுதி ஆணை பிறந்து ஓராண்டுக்குள் வர வேண்டும். முறையீட்டிற்கு ஆறு மாதம் விடையே வராவிட்டால், அந்த ஆறு மாதம் முடிந்ததிலிருந்து ஓராண்டு. போதிய காரணம் காட்டினால் தாமதத்தைத் தீர்ப்பாயம் மன்னிக்கலாம்.

வளர்ச்சித் திட்டங்களுக்காக நிலம் எடுக்கப்படும் இடங்களில் இப்பிரச்சினை வேறு வடிவில் தோன்றுகிறது. அணைக்கோ நெடுஞ்சாலைக்கோ நிலம் கொடுக்க நேர்ந்த விவசாயி, எடுப்பதே செல்லாது என்று உயர் நீதிமன்றம் செல்கிறார். சில ஆண்டுகள் கழிகின்றன. திட்டம் எழும்பி நிற்கிறது. நிலம் திரும்பி வரப் போவதில்லை என்பது அவருக்கே தெரிந்துவிடுகிறது. இனிக் கோரத்தக்கது உயர்ந்த இழப்பீடுதான். அதற்குரிய வழி மாவட்ட ஆட்சியர் மூலம் உரிய மன்றத்தின் தீர்மானத்திற்கு அனுப்பக் கோரும் விண்ணப்பம். 1894ஆம் ஆண்டின் பழைய சட்டத்தில் இது 18ஆவது பிரிவாக இருந்தது. 2014 தொடக்கத்தில் நடைமுறைக்கு வந்த 2013ஆம் ஆண்டுச் சட்டத்தில் இது 64ஆவது பிரிவு. இரண்டிலும் காலவரம்பு மிகக் குறுகியது. தீர்வம் அறிவிக்கப்பட்டபோது உடனிருந்தவருக்கு ஆறு வாரம். பிறருக்கு அறிவிப்புப் பெற்றதிலிருந்து ஆறு வாரம் அல்லது தீர்வ நாளிலிருந்து ஆறு மாதம், எது முந்தியதோ அது. புதிய சட்டம் ஒரு சலுகையைச் சேர்த்திருக்கிறது: போதிய காரணம் இருந்தால் மேலும் ஓராண்டுக்குள் வரும் விண்ணப்பத்தையும் ஆட்சியர் ஏற்கலாம். நிலத்தை மீட்கும் மனுவை நடத்திக்கொண்டே, இழப்பீட்டு விண்ணப்பத்தையும் தமது ஆட்சேபத்தைக் குறிப்பிட்டு உரிய காலத்தில் கொடுத்து வைத்தவர் தப்பினார். 'முதலில் இது முடியட்டும்' என்று காத்திருந்தவர் இரண்டையும் இழக்கக்கூடும்.

காலம் காத்திருப்பதில்லை

இங்குதான் இப்பொருளின் முள் இருக்கிறது. நீதிமன்றம் வழங்கும் 'உரிமை' காலவரம்பை நீட்டிக் கொடுப்பதில்லை. 23ஆவது ஆணையின் இரண்டாவது விதி இதை வெளிப்படையாகவே கூறுகிறது. அனுமதி பெற்றுத் தொடுக்கும் புதிய வழக்கில், முதல் வழக்கு தொடுக்கப்படவே இல்லை என்பதுபோலக் காலவரம்பு கணக்கிடப்படும்.

ஒரு கணக்கைப் பார்க்கலாம். கடன் தொகை வசூலுக்கு மூன்றாண்டுக் காலவரம்பு. இரண்டு ஆண்டு பத்து மாதம் கழிந்தபின் வழக்கு தாக்கலாகிறது. பதினான்கு மாதம் நடந்தபின், ஒரு முறைசார்ந்த குறைபாட்டுக்காக அனுமதியுடன் அது திரும்பப் பெறப்படுகிறது. அன்று மொத்தக் காலம் நான்கு ஆண்டு ஆகிவிட்டது. கையில் அனுமதி இருக்கிறது, வழக்கோ காலாவதியாகிவிட்டது.

இதிலிருந்து மீட்பதற்கென்றே 1963ஆம் ஆண்டின் காலவரம்புச் சட்டத்தில் 14ஆவது பிரிவு உள்ளது. அதிகாரவரம்பின்மை அல்லது அதையொத்த காரணத்தால் கோரிக்கையை ஏற்க இயலாத ஒரு நீதிமன்றத்தில், அதே பொருளுக்காக, நல்லெண்ணத்துடனும் உரிய முனைப்புடனும் நடத்திய சிவில் நடவடிக்கையின் காலம் கணக்கிலிருந்து கழிக்கப்படும். இப்பிரிவின் மூன்றாவது உட்பிரிவு, 23ஆவது ஆணையின் அனுமதியுடன் வரும் புதிய வழக்குக்கும் இச்சலுகையை நீட்டுகிறது. ஆனால் அதிகாரவரம்பின்மையாலோ அதையொத்த காரணத்தாலோ முதல் வழக்கு தோற்றே தீரும் என்ற அடிப்படையில் அனுமதி அளிக்கப்பட்டிருந்தால் மட்டுமே. மேற்கண்ட கணக்கில் இச்சலுகை கிடைத்தால் பதினான்கு மாதமும் கழிந்து, இரண்டு மாதம் மிஞ்சும். திரும்பப் பெறும் ஆணையில் காரணம் எழுதப்பட்டிருக்க வேண்டிய அவசியம் இதனால் விளங்கும். 'வழக்கறிஞரின் கோரிக்கைப்படி' என்று மட்டும் எழுதிய ஆணை, பின்னர் இச்சலுகையைக் கோருவோருக்குத் துணை நிற்காது.

நல்லெண்ணம் என்பதும் வெறும் மனத்தூய்மையன்று. உரிய கவனத்தோடும் எச்சரிக்கையோடும் செய்யப்படாத எதுவும் நல்லெண்ணத்துடன் செய்யப்பட்டதாகாது என அச்சட்டமே வரையறுக்கிறது. எனினும் நேர்மையாகத் தவறான மன்றத்திற்குச் சென்றவர்களிடம் நீதிமன்றங்கள் இரக்கம் காட்டியே வந்துள்ளன. நகராட்சி ஒன்றிடம் சம்பள நிலுவை கோரியவரை உயர் நீதிமன்றம் சிவில் வழக்குக்கு அனுப்பியபோது, நீதிமன்றங்களில் கழிந்த காலம் முழுவதையும் விலக்கிக் கணக்கிட வேண்டும் என்று 1996இல் உச்ச நீதிமன்றம் கூறியது. வணிக நோக்கில் இயந்திரம் வாங்கியவர் நுகர்வோர் ஆகமாட்டார் என்று தீர்ப்பளித்த 1995ஆம் ஆண்டு வழக்கிலும், தோற்றவர் சிவில் வழக்குத் தொடுக்க முன்வந்தால் நுகர்வோர் மன்றங்களில் கழிந்த காலத்துக்கு 14ஆவது பிரிவை நாடலாம் என்று வழிகாட்டியே அனுப்பியது. அவ்வழக்கின் எதிர்த்தரப்பு கோயம்புத்தூரைச் சேர்ந்த ஓர் இயந்திர உற்பத்தி நிலையம்.

வரித்துறைச் சட்டங்களில் இந்த இரக்கத்துக்கு இடம் குறைவு. சரக்கு மற்றும் சேவை வரிச் சட்டத்தில் ஆணை கிடைத்த மூன்று மாதத்திற்குள் மேல்முறையீடு செய்ய வேண்டும். காரணம் காட்டினால் மேலும் ஒரு மாதம் கிடைக்கும். அதற்கு மேல் மேல்முறையீட்டு அதிகாரிக்கே அதிகாரமில்லை. தகராறுக்குரிய வரியில் பத்து விழுக்காட்டை முன்னதாகச் செலுத்தவும் வேண்டும். சிறு வணிகர் பலர் இந்தப் பத்து விழுக்காட்டைத் தவிர்க்கும் பொருட்டே உயர் நீதிமன்றம் செல்கின்றனர் என்பது ஊரறிந்த செய்தி. ஆந்திரப் பிரதேச மதிப்புக் கூட்டு வரி பற்றிய 2020ஆம் ஆண்டு வழக்கில், மேல்முறையீட்டுக்குரிய உச்சக் காலவரம்பைத் தவறவிட்டவர் அதன்பின் 226ஆவது உறுப்பை மாற்றுவழியாக்கிக்கொள்ள இயலாது என உச்ச நீதிமன்றம் கூறிவிட்டது. மனு நிலுவையில் இருக்கும்போதே நான்கு மாதம் ஓடிவிட்டால், திரும்பப் பெறும் ஆணையில் காலம் பற்றிய பாதுகாப்பைக் கேட்டுப் பெறாதவரின் நிலை இரங்கத்தக்கது.

இடைக்கால ஆணையின் முடிவு

மனு போனால் அதைப் பற்றிக்கொண்டிருந்த இடைக்காலத் தடை ஆணையும் போகும். இதைப் பலர் எண்ணிப் பார்ப்பதில்லை. காலையில் மனுவைத் திரும்பப் பெற்றவரின் கடையை அன்று மாலையே பூட்ட அதிகாரிக்குச் சட்டப்படி தடை இராது. எனவே, உரிய மன்றத்தை அணுகும் வரை தற்போதைய நிலை சில வாரம் நீடிக்க வேண்டும் என்ற வேண்டுகோளையும் திரும்பப் பெறும்போதே முன்வைப்பது வழக்கம். உயர் நீதிமன்றங்கள் நியாயமான இடங்களில் இரண்டு வாரமோ நான்கு வாரமோ அளிக்கின்றன.

எதிர்த்தரப்பில் உள்ள அலுவலர்களுக்கும் அந்த நாளில் வேலை உண்டு. 'உரிமையுடன்' என்ற சொல் மனுதாரருக்கு இல்லாத பரிகாரத்தை உண்டாக்கித் தருவதில்லை; சட்டத்தில் மேல்முறையீடே இல்லையென்றால் நீதிமன்ற ஆணையினால் மேல்முறையீடு பிறந்துவிடாது. ஆயினும், காலவரம்பு உட்பட எல்லா ஆட்சேபங்களையும் அடுத்த மன்றத்தில் எழுப்பும் உரிமை அரசுக்கு உண்டு என்பதை ஆணையிலேயே பதியச் செய்வது அரசு வழக்கறிஞரின் கடமை. அலுவலகக் கோப்பில் 'வழக்கு தள்ளுபடி' என்று குறித்து ஆவணங்களை அறைக்கு அனுப்பிவிட்டால், ஆறு மாதம் கழித்துத் தீர்ப்பாயத்திலிருந்து அறிவிப்பு வரும்போது மூல ஆவணங்களைத் தேடித் திண்டாட வேண்டியிருக்கும். கோப்பில் ஆணையின் முழு வாசகத்தையும் வைத்து, அடுத்த மன்றத்துக்குரிய காலவரம்பு முடியும் நாளையும் குறித்து வைப்பது நல்லது.

அவசரத்தில் அல்லது தவறான எண்ணத்தில் திரும்பப் பெற்றவருக்கு மீட்சி முற்றிலும் இல்லை என்று கூறவியலாது. 151ஆவது பிரிவில் கூறப்படும் உள்ளார்ந்த அதிகாரத்தைக் கொண்டு, திரும்பப் பெற்ற ஆணையை நீதிமன்றம் விலக்கிக்கொள்ளலாம் என 2006இல் உச்ச நீதிமன்றம் ஏற்றுக்கொண்டது. அது அரிதாகத் திறக்கும் சன்னல்.

பொதுநல மனு

இதுவரை கூறியவை, தமது சொந்த உரிமைக்காக வழக்காடுவோரைப் பற்றியவை. பிறருக்காகத் தொடுக்கும் மனுவில் மனுதாரர் அதன் தலைவர் அல்லர். சிறைகளில் அடைக்கப்பட்டிருந்த பதினாறு வயதுக்குட்பட்ட சிறார்களுக்காகப் பத்திரிகையாளர் ஷீலா பார்ஸே உச்ச நீதிமன்றத்தில் மனுச் செய்திருந்தார். அம்மனுவின்மீது 1986இல் முக்கியமான ஆணைகள் பிறந்தன. மாவட்ட நீதிபதிகள் சிறைகளைப் பார்வையிட வேண்டும் என்பதும் அவற்றுள் ஒன்று. மாநிலங்களிலிருந்து அறிக்கைகள் வருவதில் தாமதமும், மறுபடி மறுபடி ஒத்திவைப்புகளும் ஏற்பட்டன. மனம் சலித்த மனுதாரர், 1988இல் மனுவைத் திரும்பப் பெற அனுமதி கோரினார்.

நீதிமன்றம் மறுத்துவிட்டது. தனிமனித வழக்கில் வாதிக்குள்ள முழு உரிமையை, மற்றவர்களின் நலனுக்காக மன்றம் ஏறியவர் கோர இயலாது. அவர் விலகினாலும் சிறையில் உள்ள சிறாரின் குறை விலகிவிடுவதில்லை என்பது அதன் நிலை. மனுதாரரின் பெயர் நீக்கப்பட்டது. வழக்கு நின்றது, அதைத் தொடர்ந்து நடத்தும் பொறுப்பு உச்ச நீதிமன்றச் சட்ட உதவிக் குழுவிடம் ஒப்படைக்கப்பட்டது.